அஸருக்குப் பிந்திய பாதிப் படம்

என் அண்ணனின், எங்கள் பேச்சில் நானாவின், மனைவி றுக்கியா மதினி, கரப்பான் பூச்சியைக் கண்டால் கதிரைக்கு மேல் ஏறி நிற்கிற மனுஷி. உயிர் நண்டு வாங்கி வந்தால் அது ஆடி அடங்கும்வரை குசினிப் பக்கமே போகமாட்டார். பாலர் பாடசாலையில் பிள்ளைகளுக்கு முகம் கழுவி, மூக்குத் துடைத்து, சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்து கொடுப்பதுதான் அவருடைய வேலை. இருபத்திரண்டு வருடமாக எங்கள் ஊர் தில்லையடியில் பாதிப் பேருடைய மூக்கை அவர்தான் துடைத்திருக்கிறார். முழங்கால் உரசின பிள்ளைக்கு மருந்து போடும்போது பிள்ளையைவிட அவர்தான் கூடுதலாக அழுவார். அப்படிப்பட்டவருக்கு வெள்ளிக்கிழமை வந்தால், ஒருவன் நாற்பது பேரை அடித்துப் பறக்கவிடுகிற படம் வேண்டும்.

சும்மா கையால் அடித்தால் போதாது. கதாநாயகன் பஸ் கதவைப் பிடுங்கிக் கேடயமாகப் பிடிக்க வேண்டும். மோட்டார் சைக்கிள் ஓடுகிற ரயிலைத் தாண்டிப் பாய வேண்டும். அடிபட்டவன் சுவரை உடைத்துக்கொண்டு போய் அடுத்த வீட்டுச் சாப்பாட்டு மேசையில் விழ வேண்டும். குடும்பப் படம் போட்டால் கால் மணித்தியாலத்தில் மதினி கொறட்டை விடுவார்.

நானாவும் அதே கட்சிதான். தாஹிர் பாஸ் என்றால் கற்பிட்டி வரைக்கும் தெரியும். மீன்பிடி வள்ளங்களின் இஞ்சின் திருத்துவது அவர் தொழில். களப்புக் கரையில் தகரக் கொட்டில் ஒன்று, அதற்குள் கழற்றிப் போட்ட இஞ்சின்கள், நடுவில் எண்ணெய்க் கையோடு நானா. வாழ்க்கையில் அவர் யாரோடும் சத்தமாகப் பேசியதை நான் கேட்டதில்லை. வள்ளக்காரர்கள் திட்டினாலும் சிரித்துக்கொண்டே தலையை இஞ்சினுக்குள் விட்டுக்கொள்வார்.

அவர்களுக்குப் பிள்ளைகள் இல்லை. வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து, சோறு தின்று, இரண்டு மணிக்கு இருவரும் டீவிக்கு முன்னால் உட்கார்ந்துவிடுவார்கள். சந்தியில் போன் திருத்துகிற கடையில் நானா பென் டிரைவில் படம் ஏற்றிக்கொண்டு வந்திருப்பார். பின்னேரம் அஸர் தொழுகைக்குப் பாங்கு சொல்லும்போது படம் எந்த இடத்தில் இருந்தாலும் அங்கே நிறுத்திவிட்டுப் பள்ளிக்குப் போவார். படம் எடுத்தவன் இடைவேளை என்று எங்கே போட்டான் என்பது அவர்களுக்கு முக்கியமில்லை. தொழுதுவிட்டு வந்த பிறகு மிச்சப் பாதி, பொழுது பட்டு மஃரிப் பாங்கு சொல்லும் வரைக்கும். ஒருவரை விட்டு ஒருவர் மிச்சத்தைப் பார்ப்பதில்லை. நானா டெங்கில் பத்து நாள் ஆஸ்பத்திரியில் கிடந்தபோதும் மதினி அந்த மிச்சப் பாதியைத் தொடவில்லை.

நான் இந்தப் படங்களுக்குப் பரம எதிரி. என் பெயர் மர்ளியா. அபாயா தைக்கிறேன், வாயும் கொஞ்சம் நீளம். வெள்ளிக்கிழமைகளில் ஏதாவது கொடுக்கப் போனால், வாசலில் நின்றே தொடங்கிவிடுவேன்.

"நாப்பது பேரும் வரிசையில நிண்டு ஒவ்வொருத்தனா வந்து அடி வாங்குறானுகளே. எல்லாரும் ஒண்டாப் பாஞ்சா என்ன நானா?"

"பாஞ்சா படம் அஞ்சு நிமிஷத்துல முடிஞ்சிரும், மர்ளியா. பிறகு நாங்க மஃரிப் வரைக்கும் என்ன செய்யிற?"

ஆனால் படம் ஓடும்போது என்னைவிட மோசமாகக் குறை சொல்கிறவர் அவர்தான். வண்டி பறந்தால், இஞ்சின் எப்படி நின்றது, எப்படி ஓடியது என்று பாடம் நடத்துவார். "வாய மூடிட்டுப் பாருங்க" என்று மதினி தொடையில் அடிப்பார். அந்த வீட்டில் நான் கண்ட ஒரே அடிதடி அதுதான்.

ஒருமுறை நான் மதினியிடம் நேராகவே கேட்டேன். நண்டுக்குப் பயப்படுகிற உங்களுக்கு இந்தக் கறுமம் எப்படிப் பிடிக்கிறது என்று. அவர் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்.

"தொண்ணூறுல இயக்கத்துக்காரங்க முஸ்லிம் ஆக்கள் எல்லாரையும் மன்னாரிலருந்து போகச் சொன்னாங்க. எனக்குப் பதினேழு வயசு. துவக்கோட வந்தவங்களுக்கு முன்னால எங்கட வாப்பா கையக் கட்டிக்கிட்டு நிண்டாரு. ஊர்ல அவ்வளவு பெரிய மனுஷன். ஒருத்தரும் வரல்ல, மர்ளியா. ஒருத்தனாவது சுவரை ஒடச்சிட்டு வந்து, நில்லுடா எண்டு சொல்லல்ல. படத்துலயாவது வரட்டுமே."

அதற்குப் பிறகு நான் வாசலில் நின்று கத்துவதைக் குறைத்துக்கொண்டேன். முழுதாக நிறுத்தவில்லை.

போன மாசி மாதத்து வெள்ளிக்கிழமை ஒன்றில், அஸர் பாங்கு சொன்னதும் நானா வழமைபோலப் படத்தை நிறுத்திவிட்டுப் பள்ளிக்குப் போனார். தொழுதுவிட்டு வெளியே வரும்போது ஒரு வள்ளக்காரர் பிடித்துக்கொண்டார். கரையில் இஞ்சின் ஸ்டார்ட் எடுக்குதில்லை, ஒரு பார்வை பார்த்துவிட்டுப் போங்கள் என்றார். நானா போனார். இஞ்சின் மூடியைக் கழற்றினார். நெஞ்சைப் பிடித்துக்கொண்டு அப்படியே மணலில் உட்கார்ந்தார். ஆஸ்பத்திரி வாசலில் முச்சக்கரவண்டி நின்றபோது முடிந்துவிட்டது. இன்னாலில்லாஹி.

செய்தி கேட்டு நான் ஓடிப்போனபோது, வீட்டில் டீவி அப்படியே நின்றிருந்தது. திரையில் ஓர் ஆறு, தண்ணீருக்கு மேலே ஒரு கை மட்டும். பெண்கள் கூடி ஓதத் தொடங்கியிருந்தார்கள். அந்தக் கை எல்லாருக்கும் முன்னால் நீட்டிக்கொண்டு இருந்தது. நான் வயரைப் பிடுங்கி எறிந்தேன். மதினி சுவரோரம் உட்கார்ந்து என்னைப் பார்த்தார்.

மறுநாள் காலையில் அடக்கம் முடிந்தது. மதினி வெள்ளை உடுத்து, கணவன் போன பெண் இருக்கிற இத்தாவில் உட்கார்ந்தார். நாலு மாதம் பத்து நாள் வீட்டுக்குள்தான். பக்கத்து வீட்டுச் சாரா உம்மா இரவில் துணைக்குப் படுத்தார். சாப்பாடு என் பொறுப்பு. அதோடு, யாரும் கேட்காமலே இன்னொரு பொறுப்பையும் நான் எடுத்துக்கொண்டேன். இத்தாவில் இருக்கிற பெண் அந்நிய ஆணின் முகத்தைப் பார்க்கக்கூடாது என்று நான்கு பேர் பேசிக்கொண்டார்கள். டீவிக்குள் வருவதும் ஆண் முகம்தானே என்றார் ஒருவர். அது போதும் எனக்கு. டீவியைப் படுக்கை விரிப்பில் சுற்றி என் வீட்டுக்குக் கொண்டுபோனேன். நகைக்கடைக்காரர் சிரிக்கிற கலண்டரைச் சுவர்ப்பக்கம் திருப்பினேன். பிஸ்கட் டின்னில் தொப்பி போட்ட வெள்ளைக்காரன் ஒருவன் இருந்தான். அவனையும் பேப்பர் ஒட்டி மறைத்தேன். சாரா உம்மா என்னைப் பார்த்த பார்வையில் கொஞ்சம் பயம் இருந்தது.

மதினி அழவில்லை. வந்தவர்கள் எல்லாரும் "மாஷா அல்லாஹ், என்ன ஸபூர், என்ன பொறுமை" என்று மெச்சினார்கள். என் கண் இரண்டும் வீங்கிக் கிடக்க, இவருக்கு என் நானாவுக்காக ஒரு சொட்டுக்கூட இல்லையா என்று நினைத்தேன். அல்லாஹ் மன்னிக்கட்டும், அப்படித்தான் நினைத்தேன்.

பிறகு என் கைக்குத்தான் விஷயம் முதலில் தெரிந்தது. அவர் உடுத்தியிருந்த வெள்ளைச் சட்டைகளைத் தைத்தது நான். மூன்றாம் கிழமை இரண்டு பக்கமும் ஒவ்வொரு அங்குலம் பிடித்தேன். ஐந்தாம் கிழமை மறுபடியும் பிடிக்க வேண்டி வந்தது. கொண்டுபோகிற சோற்றைப் பிசைந்து பிசைந்து பீங்கானிலேயே விட்டுவிடுவார். வீட்டுக்கு வந்து பார்த்த லேடி டொக்டர், உடம்பில் ஒரு நோயும் இல்லை, இப்படியே சாப்பிடாமல் இருந்தால் சாவதற்கு நோய் தேவையும் இல்லை என்றார். கேட்டால் "ஓம்", "இல்ல", "பசிக்கல்ல". மூன்று சொல்லோடு ஒரு மனுஷி நாற்பது நாள் இருந்தார். நானாவைக் கொண்டுபோய் வைத்த இடத்துக்குப் பக்கத்தில் இவரையும் கொண்டுபோகப் போகிறோம் என்று எனக்குப் பயம் பிடித்தது.

நானாவுக்காக ஓதின நாற்பதாம் நாள் கத்தத்துக்கு ஆக்கின சோற்றை முன்னால் வைத்துவிட்டு நான் எழும்பப் போனேன். அப்போதுதான் மதினி வாய் திறந்தார்.

"மர்ளியா, அவன் எழும்பினானா?"

புத்தி கலங்கிவிட்டது என்று நினைத்தேன்.

"யாரு மதினி?"

"அந்தப் படத்துல. லொறியோட கட்டி ஆத்துல தள்ளினாங்களே. கை மட்டும் தெரிஞ்சிச்சு. பிறகு பாங்கு செல்லிட்டு."

கத்தம் ஓதின வீட்டில், ஓதினவர்கள் கை கழுவி முடிக்கவில்லை, இவருக்குப் படம். எனக்கு எங்கிருந்து கோபம் வந்ததோ தெரியாது. "இத்தாவில இருந்துக்கிட்டுக் கேக்கிற கேள்வியா இது" என்று சீறிவிட்டு வீட்டுக்கு வந்துவிட்டேன். வந்து தையல் மெஷினுக்கு முன்னால் உட்கார்ந்தேன். கால் மிதிக்கவில்லை. நாற்பது நாளில் அவராக என்னிடம் கேட்ட முதல் விஷயம் அது. அதற்கு நான் சீறிவிட்டு வந்திருக்கிறேன்.

போனை எடுத்துப் பள்ளி மௌலவிக்கு அடித்தேன். இத்தா வீட்டில் டீவி இருந்தால் இத்தா முறியுமா என்று கேட்டேன். அவர் செருமினார்.

"படம் பாக்கச் சொல்லி நான் செல்ல மாட்டன், தங்கச்சி. ஆனா டீவியத் தூக்கணும் எண்டு எந்த மார்க்கக் கிதாபுலயும் இல்ல. ஆரு செல்லித் தூக்கினீங்க?"

"நாலு பேரு சென்னாங்க" என்றேன். நான்தான் என்று சொல்ல வாய் வரவில்லை.

அடுத்த நாள் பகல் சோற்றோடு போய், கலண்டரை நேராகத் திருப்பிவிட்டு, மதினிக்கு முன்னால் உட்கார்ந்தேன்.

"டீவியத் தூக்கினது என்ட பிழை. பின்னேரம் கொண்டுவந்து வைக்கிறன். மிச்சத்த நீங்களே பாருங்க."

அவர் தலையசைத்தார். "இருந்தாலும் நான் பாத்திருக்க மாட்டன். அவரு இல்லாம எப்படிப் பாக்கிற? அது நாங்க ரெண்டு பேரும் பேசி வெச்ச பேச்சு தானே."

"அப்ப அவன் எழும்பினானா இல்லையா எண்டு எப்படித் தெரியும்?"

"ஆராவது பாத்துட்டுச் சென்னா கேக்கலாம். கேக்கிறது வேற."

என்னைப் பார்த்தார். நானாவோடு பேசும்போது அவர் கண்ணில் வருகிற பிடிவாதம் கொஞ்சம் இருந்தது. எனக்கு வேறு வழி இல்லாமல் போனது.

என் மகள் நுஸ்ராவிடம் சொன்னபோது அவள் விழுந்து விழுந்து சிரித்தாள். "உம்மா, நீங்களா? அடிதடிப் படமா?" பென் இன்னும் டீவியிலேயே குத்தியிருந்தது. நிறுத்தின இடத்தை அவள் தேடி எடுத்துத் தந்தாள். நான் ஜன்னல் திரையை இழுத்துவிட்டுச் சத்தத்தையும் குறைத்தேன். மடியில் ஒரு அபாயாவை வைத்துக்கொண்டேன், யாராவது வந்தால் தைக்கிறேன் என்று சொல்ல. தண்ணீருக்கு மேலே அந்தக் கை வந்தது. நான் கண்ணை ஒருமுறை மூடித் திறந்தேன். பிறகு கை அசைந்தது, படம் ஓடியது.

முதல் நாள் அரை மணித்தியாலம் பார்த்தேன். முன்பாதி தெரியாததால் யார் எவன் என்றே புரியவில்லை. பார்த்ததை அடுத்த நாள் சோற்றோடு கொண்டுபோனேன்.

"ஒரு வாய் திண்டாத்தான் தொடங்குவன்" என்றேன்.

மதினி ஒரு வாய் தின்றார்.

"எழும்பிட்டான். சங்கிலிய அறுத்தான். லொறிக்குள்ளயே ஏறி, தண்ணிக்கு அடியில ஸ்டார்ட் பண்ணி, கரையில ஏத்தினான். முன்பக்கத்துல மீன் துள்ளுது. கரையில அவன்ட வாப்பா நிண்டு அழுறாரு."

"வாப்பாவா? அவனுக்கு வாப்பா இல்லையே."

"மொட்டத் தல, சிவப்புச் சால்வ."

"அட, அது வாப்பா இல்ல, மர்ளியா. அவன்தான் கல்குவாரிக்காரன்ட கையாள். காட்டிக் குடுத்ததே அவன்தான். அழுது நடிக்கிறான்." மதினி நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். "முதல்லருந்து செல்றன் கேளுங்க."

அவர் முன்பாதியைச் சொன்னார். லொறிக்காரன், அவனுடைய பெண்சாதி, ஒரு கண் கண்ணாடியாக இருக்கிற கல்குவாரி முதலாளி, ஊர்க் கிணறுகள் வற்றினது, எல்லாம் சொன்னார். மூன்று சொல்லோடு இருந்தவர் மூச்சு விடாமல் பேசினார். முன்பாதி அவரிடம், பின்பாதி என்னிடம். முழுப் படத்தையும் பார்த்த ஆள் அந்த வீட்டில் இல்லை.

"தண்ணிக்குள்ள போன லொறி ஒரு தடவையில ஸ்டார்ட் ஆச்சா?" என்று கேட்டார்.

"ஓம். ஒரே தடவை."

"உங்கட நானா இருந்தா விட்டிருக்க மாட்டாரு." உதடு ஒரு பக்கம் இழுபட்டது, சிரிப்பு மாதிரி. "ஆத்துத் தண்ணி எண்டபடியா பரவால்ல, களப்புத் தண்ணி எண்டா உப்பு குடிச்சி இஞ்சின் செத்துரும் எண்டு செல்லியிருப்பாரு. அரை மணித்தியாலம் செல்லியிருப்பாரு."

அன்றைக்குப் பீங்கானில் கால்வாசிதான் மிஞ்சியது. நான் வீட்டுக்கு நடந்து வரவில்லை, ஓடித்தான் வந்தேன்.

இரண்டாம் நாள் பார்த்தது ஐஸ் தொழிற்சாலைச் சண்டை. இதைச் சொல்ல எனக்கு வெட்கம்தான், ஆனாலும் சொல்கிறேன். லொறிக்காரன் ஆளுயர ஐஸ் கட்டியைத் தோளில் தூக்கி, வரிசையில் வந்தவர்கள்மேல் எறிந்தபோது, என் வாயில் இருந்து "போடு" என்று வந்தது. நுஸ்ரா குசினியில் இருந்து எட்டிப் பார்த்தாள். மடியில் இருந்த அபாயாவின் கையைத் தலைகீழாகத் தைத்து வைத்திருந்தேன்.

அப்போதுதான் எனக்கு ஒன்று விளங்கியது. நாற்பது நாளாக எனக்கு யாரையாவது அடிக்க வேண்டும் போல இருந்தது. அஸர் முடிந்து வெளியே வந்தவரைக் கூட்டிப்போன வள்ளக்காரரை அடிக்கவா? அவர் ஜனாஸாவின் கால்மாட்டில் நின்று குழந்தை மாதிரி அழுதவர். டொக்டரை அடிக்கவா? கொண்டுபோனபோதே எல்லாம் முடிந்திருந்தது. நானாவின் மவுத்துக்கு, அந்தச் சாவுக்கு, ஒரு முகம் இல்லை. கண்ணாடிக் கண்ணோடு, சுருட்டுப் பிடித்துக்கொண்டு, இதைச் செய்தவன் நான்தான் என்று சிரிக்க ஒருவனும் இல்லை. அதனால்தான் நான் கலண்டரில் இருந்தவனையும் பிஸ்கட் டின்னில் இருந்தவனையும் பிடித்தேன். படத்தில் அப்படி இல்லை. அங்கே அடிக்கவேண்டியவன் கண்ணுக்கு முன்னால் நிற்கிறான், அடிக்கிறவனுக்குக் கையும் வலிப்பதில்லை. நானாவும் மதினியும் வெள்ளிக்கிழமை தோறும் அதைத்தான் பார்த்துவிட்டு, சனிக்கிழமை ஒருவர் எண்ணெய்க்கும் மற்றவர் மூக்குத் துடைக்கவும் போயிருக்கிறார்கள்.

ஐஸ் சண்டையை நான் மதினிக்கு எழும்பி நின்று நடித்தே காட்டினேன். தலையணைதான் ஐஸ் கட்டி. சாரா உம்மா சத்தம் கேட்டு வந்து, என்னைக் கண்டு, வந்த வழியே திரும்பிப் போனார். மதினி முக்காட்டால் வாயைப் பொத்திக்கொண்டார். தின்றதை மறந்து இன்னும் ஒரு கரண்டி சோறு கேட்டார். நான் திரும்பி நின்று கண்ணைத் துடைத்துக்கொண்டு போட்டேன்.

மூன்றாம் நாள் கடைசிக் கட்டம். கல்குவாரி முதலாளியின் மகளுக்குக் கல்யாணம், பெரிய மண்டபம். லொறிக்காரன் கண்ணாடிக் கூரையை உடைத்துக்கொண்டு குதிக்கிறான். துவக்கால் ஏழு வெடி வைக்கிறார்கள். ஏழும் நெஞ்சில். விழுகிறான். பாட்டு நிற்கிறது. நானும் மூச்சைப் பிடித்துக்கொண்டு இருந்தேன். பிறகு ஒரு விரல் அசைந்தது. அவன் எழும்பினான். நான் கை தட்டிவிட்டேன். மதினியிடம் இதைச் சொல்ல எனக்கு அடுத்த நாள் வரை பொறுக்கவில்லை.

கும்புளா மீன் ஆணமும் கத்தரிக்காய்ப் பொரியலும் கொண்டுபோனேன். மதினி எனக்காகக் காத்துக்கொண்டிருந்தார். பாய் விரித்து, கை கழுவித் தயாராக இருந்தார். சோற்றைப் பிசைந்து ஒரு உருண்டை எடுத்ததும் நான் தொடங்கினேன். கூரை உடைந்ததைச் சொன்னேன், வெடி வைத்ததைச் சொன்னேன்.

"ஏழு வெடி, மதினி. எண்ணிப் பாத்தன். ஏழும் நெஞ்சில. விழுந்திட்டான். முடிஞ்சுது எண்டுதான் நெனச்சன். பிறகு வெரல் அசஞ்சிச்சு. கை ஊண்டினான். எழும்பி நிண்டான், மதினி."

அவர் கையில் எடுத்த உருண்டை அப்படியே நின்றது.

"ஏழா?"

"ஓம், ஏழு."

"எழும்பிட்டானா?"

"எழும்பிட்டான்" என்றேன். சொல்லும்போதே என் குரல் எனக்கே அந்நியமாகக் கேட்டது. என்ன சொல்லிக்கொண்டிருக்கிறேன் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.

மதினி உருண்டையைப் பீங்கானில் வைத்தார்.

"உங்கட நானாவுக்கு ஒண்டுமே படல்ல, மர்ளியா. ஒரு ஆணி கூடக் குத்தல்ல. நெஞ்ச ஒருக்காப் பிடிச்சாரு எண்டு சென்னாங்க. ஒரே ஒருக்கா."

பிறகு மதினி அழுதார். நாற்பத்து நான்கு நாள் எங்கே வைத்திருந்தாரோ தெரியாது. சத்தம் வாயில் இருந்து வரவில்லை, அடிவயிற்றில் இருந்து வந்தது. பிசைந்த கையை அகலப் பிடித்துக்கொண்டு, மற்றக் கையால் என் தோளைப் பிடித்து, "எழும்பல்லையே, எழும்பல்லையே" என்று அழுதார். நான் அவரைக் கட்டிப் பிடித்துக்கொண்டேன். அவர் எலும்புகள் என் கைக்குள் தனித்தனியாகத் தெரிந்தன. எனக்குச் சமாதானம் சொல்லத் தெரியவில்லை. நானும் சேர்ந்து அழுதேன். எங்கள் இருவருக்கும் ஒரே ஆள்தான் போயிருந்தார் என்பது எனக்கு அன்றைக்குத்தான் முழுதாகத் தெரிந்தது.

எவ்வளவு நேரம் என்று தெரியாது. வெளியே பாலர் பாடசாலை விட்டுப் பிள்ளைகள் போகிற சத்தம் கேட்டு அடங்கியது. மதினி முக்காட்டு நுனியால் முகத்தைத் துடைத்தார். மூக்கை உறிஞ்சினார்.

"பிறகு?" என்றார்.

"என்ன பிறகு?"

"எழும்பினவன் வீட்டுக்குப் போனானா?"

படம் அப்படி முடியவில்லை. மண்டபம் பற்றி எரிய, அவன் முதுகைக் காட்டிக்கொண்டு நடந்தான், எழுத்து ஓடத் தொடங்கிவிட்டது. அவன் எங்கே நடந்தான் என்று படம் எடுத்தவன் சொல்லவில்லை. மூன்று நாளும் ஒரு அடியைக்கூட நான் கூட்டியோ குறைத்தோ சொன்னவள் இல்லை.

"போனான், மதினி."

"நேரத்துக்கா?"

"ஓம். அஸர் தொழுதுட்டு வார நேரத்துக்கு."

லொறிக்காரன் ஏன் அஸர் தொழப் போகிறான் என்று அவர் கேட்கவில்லை. என் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்தார். நான் பொய் சொல்கிறேன் என்பது அவருக்குத் தெரிந்துதான் இருந்தது. பீங்கானை மடிக்குப் பக்கத்தில் இழுத்து, ஆறிப்போன சோற்றை அழுதுகொண்டே கடைசிப் பருக்கை வரைக்கும் தின்றார்.